போகொங் மேட்டுவெளியில் ஒரு கட்டிக் கற்பூரம்

இந்த ஆண்டு மட்டும் மூன்று குடும்பங்கள் என்னிடம் போகொங் மேட்டுவெளிக்கு வழி கேட்டுவிட்டன. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லி வாய் வலிக்கிறது. ஆகவே நம் சுற்றிதழிலேயே எழுதிவிடுகிறேன். வழி, தூரம், செலவு எல்லாம் இதில் இருக்கும். அங்கே எங்களுக்கு நடந்ததும் இருக்கும். அதை என் மைத்துனர் கதிரேசு கிளென் வேவர்லியில் விருந்துக்கு விருந்து ஒரு பகிடிக் கதையாகச் சொல்லி வருகிறார். கேட்டுச் சிரித்தவர்கள் இதையும் படிக்கட்டும்.

கதிரேசு என் மனைவி புவனத்தின் தமையன். நான் அத்தான் என்று கூப்பிடுவேன். எங்களை இந்த நாட்டுக்கு அழைப்பித்தவர் அவர்தான். நான் மறந்தாலும் அவர் அதை மறக்கவிட மாட்டார்.

யாழ்ப்பாணத்தில் பதினேழு ஆண்டுகள் உயர்வகுப்பு மாணவர்களுக்குத் தாவரவியல் படிப்பித்தேன். ஒவ்வோர் ஆண்டும் துந்திராப் பாடம் வரும். வெளியே அனல் காற்று வீசும். நான் கழுத்தைத் துடைத்தபடி, மரமே இல்லாத வட துருவத்து வெளிகளைப் பற்றியும், நிலத்தோடு நிலமாகப் படுத்து வளரும் செடிகளைப் பற்றியும், பனிக்கடியில் உறங்கும் சின்ன விலங்குகளைப் பற்றியும் பேசுவேன். கரும்பலகையில் நான் வரைந்தது புத்தகத்தில் இருந்த படத்தின் பிரதி. நோர்வேக்குப் போய்ப் படிக்க ஒருமுறை புலமைப்பரிசில் ஒன்று வந்தது. தெரிவில் என் பெயர் முதலாவது. போனவர் வேறொருவர். அவருடைய மாமனார் கொழும்பில் யார் யாரோடு தேநீர் குடிப்பார் என்பது எங்கள் எல்லோருக்கும் தெரியும். திரும்பி வந்தவர் எனக்கு ஒரு படத் தபாலட்டை தந்தார். அதில் ஒரு கலைமான் நின்றது. அந்த அட்டையை நான் இன்னும் கிழிக்கவில்லை. கிழித்தால் அவரை மன்னித்தது போலாகிவிடும்.

மெல்பேர்ணுக்கு வந்தபின் ஒரு பெயின்ற் தொழிற்சாலையில் வேலை கிடைத்தது. ஒரு தகட்டில் பூசிய நிறம் இன்னொரு தகட்டில் பூசிய நிறத்தோடு ஒத்திருக்கிறதா என்று நாள் முழுவதும் பார்க்க வேண்டும். அதற்குப் பட்டம் தேவையில்லை, கண் போதும். இரண்டு ஆண்டுகளுக்கு முன், ஒரு ஜனவரி மாதம், மேட்டுவெளித் தாவரங்களைப் பற்றி வனத்துறையினர் நடத்தும் ஓர் ஆய்வுக்குக் கள உதவியாளர் தேவை என்று பத்திரிகையில் விளம்பரம் வந்தது. எழுதிப் போட்டேன். நேர்முகத் தேர்வுக்கு அழைத்தார்கள். அப்போது எனக்கு வயது நாற்பத்தேழு. அந்த வயதில் ஒருவனை மலையேற இரண்டாம் முறை யாரும் கூப்பிடப் போவதில்லை. மீண்டும் செடிகளோடு வாழ்வதா, சாகும்வரை தகடு பார்ப்பதா என்பது அந்த ஒரு புதன்கிழமையில் தொங்கியது.

ஒரே சிக்கல், மர எல்லைக்கு மேலே வளரும் ஒரு புல்லைக்கூட நான் நேரில் கண்டதில்லை. நேர்முகத்தில் முதல் கேள்வியே அதுவாகத்தான் இருக்கும். அதனால் அதற்கு முந்தின நீண்ட வார இறுதியில் போய்ப் பார்த்துவிட்டு வரலாம் என்று புறப்பட்டோம். எனக்கு அப்போது கார் ஓட்டத் தெரியாது. ஆகவே கதிரேசு அத்தான்.

சனிக்கிழமை காலை ஐந்து மணிக்குக் கிளென் வேவர்லியில் இருந்து அவருடைய கிங்ஸ்வுட் காரில் வெளிக்கிட்டோம். மெல்பேர்ணில் இருந்து மவுன்ற் பியூட்டி என்ற சிற்றூர் வரை ஏறக்குறைய முந்நூற்றைம்பது கிலோமீற்றர். வீதிப் பலகைகள் கிலோமீற்றருக்கு மாறிவிட்டன, அத்தானின் கார் இன்னும் மைலில் ஓடியது. ஒவ்வொரு பலகையிலும் அவர் தூரத்தைக் கணக்குப் பார்ப்பதும், பிழையாகப் பார்ப்பதும், புவனம் பின்னால் இருந்து திருத்துவதுமாக வங்கரட்டா வந்துவிட்டது. அங்கே பெற்றோல் அடியுங்கள். மலைக்கு மேலே கிடையாது. போய் வர மொத்தம் பதினைந்து டொலருக்குள் அடங்கும்.

வங்கரட்டாவில் இருந்து வலப்பக்கம் திரும்பினால் ஓவன்ஸ் ஆற்றுப் பள்ளத்தாக்கு. இருபுறமும் புகையிலைத் தோட்டங்கள், இலை உலர்த்தப் போறணை வைத்த தகரக் கொட்டில்கள். இத்தாலிக்காரர்கள் செய்கிறார்கள். அத்தான் காரை நிற்பாட்டி, இறங்கிப் போய், வேலிக்கு வெளியே நீட்டிய ஓர் இலையைத் தடவிப் பார்த்தார்.

“என்ன மச்சான் இது, முட்டைக்கோவா இலை மாதிரிக் கிடக்கு. உதிலை ஒரு சுருட்டுச் சுத்தினா நாய்கூடப் பத்தாது.”

“நாய் எங்கை அண்ணை சுருட்டுப் பத்துது?” என்றாள் புவனம்.

பிரைற் என்ற ஊரைக் கடந்து ஒரு கணவாய் ஏறி இறங்கினால் மவுன்ற் பியூட்டி. கரவன் பூங்காவில் நிரந்தரமாக நிற்கும் கரவன் வண்டிவீடு ஒன்றை ஓர் இரவுக்கு ஏழு டொலருக்கு எடுத்தோம். மூன்று பேர் படுக்கலாம். போர்வை தரமாட்டார்கள். ஜனவரி இங்கே கோடை என்று நம்பி மெல்லிய சேலையோடு வந்த புவனம் இரவு முழுவதும் நடுங்கினாள். நீங்கள் எந்த மாதம் போனாலும் கம்பளி கொண்டு போங்கள்.

ஞாயிறு காலை மலை ஏறினோம். ஃபோல்ஸ் கிரீக் வரை முப்பது கிலோமீற்றர் வளைவும் ஏற்றமும். முதலில் நிமிர்ந்து பார்த்தால் கழுத்து நோகும் யூகலிப்டஸ் மரங்கள். மேலே போகப் போக அவை குறைந்து, இன்னொரு வகை தொடங்குகிறது. பனியின் பாரம் தாங்கித் தாங்கி முறுகிப் போன குட்டை மரங்கள். அவற்றின் பட்டையில் சிவப்பும் பச்சையும் வெண்ணெய் நிறமும் ஓடுகின்றன. இந்த நிறங்களுக்கு எங்கள் தொழிற்சாலையில் தகடு கிடையாது. பிறகு அவையும் முழங்கால் அளவாகி, ஒரு வளைவில் மரமே இல்லாமல் போய்விட்டது. அணைக்கட்டுக்கு அப்பால் சரளை வீதியில் காரை நிற்பாட்டச் சொன்னேன்.

இறங்கி நின்றேன். பதினேழு ஆண்டுகள் நான் சோக்கால் வரைந்த வெளி அது. துருவத்துத் துந்திரா இங்கே இல்லை, நிலத்தடியில் எந்நாளும் உறைந்திருக்கும் மண் இல்லை. ஆனால் அதற்கு இந்தக் கண்டத்தில் இதைவிட நெருங்கிய உறவு கிடையாது. கண் எட்டும் வரை பனிப்புல். அதற்குள் வெள்ளி நிற இலையோடு வெள்ளைப் பூக்கள், ஆயிரக்கணக்கில், எல்லாம் ஒரே பக்கம் முகம் திருப்பி. மஞ்சள் உருண்டையாகத் தனித்தண்டில் நிற்கும் பூக்கள். இளஞ்சிவப்பில் ஒரு சின்னப் பூ உண்டு. ஈ வந்து உட்கார்ந்ததும் அதன் நடுத்தண்டு சடாரென்று அடித்து ஈயின் முதுகில் மகரந்தத்தை அப்பிவிடும். ஒரு புல் ஈர்க்கால் தொட்டுப் பார்த்தேன். அடித்தது. பிறகு பத்துப் பூக்களைத் தொட்டேன். புவனம் என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள். நான் வாய்விட்டுச் சிரித்ததை அவள் கண்டு நெடுநாள் ஆகியிருக்க வேண்டும்.

தாழ்வான இடங்களில் ஊற்றுகள் கசிகின்றன. அவற்றைச் சுற்றிப் பஞ்சுப்பாசி மெத்தைகள். இந்தப் பாசிதான் அந்த வெளியின் உயிர். பனி உருகிய நீரைக் குடித்து வைத்துக்கொண்டு கோடை முழுவதும் சொட்டுச் சொட்டாக ஆற்றுக்கு விடுகிறது. மேலே உயிரோடு வளர, அடியில் செத்த பாசி உக்காமல் அழுத்தமாகப் படிந்து கரிமண்ணாகிறது. ஒரு முழம் படிய மனிதர்களின் எத்தனையோ தலைமுறை வேண்டும்.

அந்த மெத்தைகளில் மாடுகள் நின்றன. கோடையில் கீழ்நாட்டுப் பண்ணைக்காரர்கள் மாடுகளை மேலே ஓட்டி வருவார்கள். ஈரமும் இளம்புல்லும் இருக்கும் இடமாகப் பார்த்துத்தான் மாடு நிற்கும். குளம்பு பட்ட இடம் பிளந்து வாய்க்காலாகிறது. தண்ணீர் வாய்க்காலில் ஓடிவிட, மெத்தையின் ஓரம் காய்ந்து, பச்சை போய்த் தவிட்டு நிறமாகிக் கிடக்கிறது. குதிரையில் வந்த மாட்டுக்காரர் ஒருவரிடம் இதைச் சொன்னேன். தொப்பியைத் தூக்கி என்னை மேலும் கீழும் பார்த்தார்.

“என் பாட்டன் காலத்தில் இருந்து இங்கே மேய்க்கிறோம்” என்றார் ஆங்கிலத்தில். “மாடு மேய்ந்தால்தான் காய்ந்த புல் குறையும், நெருப்பு வராது. நீங்கள் அணை வேலைக்கு வந்தவர்களா?”

“தாவரவியல்” என்றேன். அந்தச் சொல்லை இந்த நாட்டில் என்னைப் பற்றி நான் சொன்னது அதுவே முதல் தடவை.

“அப்படியா” என்று சொல்லிவிட்டுக் குதிரையைத் திருப்பினார்.

ஒரு மேட்டில் பெரும் பாறைக் குவியல் தெரிந்தது. நான் தனியே ஏறினேன். அந்தப் பாறை இடுக்குகளில்தான் போகொங் அந்துப்பூச்சிகள் கோடையைக் கழிக்கின்றன. வடக்கே சமவெளிகளில் இருந்து பறந்து வந்து, ஒன்றின் மேல் ஒன்று சரிந்து, ஓடு வேய்ந்தது போலப் பாறையை மூடிக்கொண்டு உறங்குகின்றன. இடுக்குக்குள் முகத்தை நுழைத்தால் மாவும் எண்ணெயும் கலந்தது போல ஒரு மணம் வருகிறது. காகங்கள் அவற்றைத் தின்னக் காத்திருக்கின்றன. இந்த மலைகளில் இப்படியான பாறைகளுக்குள் ஒரு கைக்குள் அடங்கும் பொசம் என்ற எலி போன்ற விலங்கு ஒன்றும் இருக்கிறது. எலும்பை மட்டும் கண்டு, அந்த இனமே அழிந்துவிட்டதென்று நெடுங்காலம் எழுதி வைத்திருந்தார்கள். பிறகு ஒருநாள் ஒரு பனிச்சறுக்கு விடுதிக்குள் உயிரோடு வந்து நின்றது. அழிந்துவிட்டதாக எழுதப்பட்ட ஒன்று திரும்பி வருவது எனக்குப் பிடித்திருந்தது. பகலில் வெளியே வராது என்று தெரிந்தும் இடுக்கிடுக்காகப் பார்த்தேன். புதன்கிழமை சொல்வதற்கு ஒரு விடை என்னிடம் இருந்தது. இன்னொரு கோடையில் இதே பாறைக்கு வேலையாக வருவேன் என்றுகூட எண்ணிக்கொண்டேன்.

அப்போது கற்பூர மணம் வந்தது.

எங்கள் ஆட்களுக்கு இது புரியும். ஒரு நல்ல காரியம் நடக்க வேண்டும், இந்த நாட்டில் ஒரு கோயிலும் இல்லை. உயரமான இடம், ஊற்று, சனநடமாட்டம் இல்லாத சுத்தம். இதைவிடப் பிள்ளையாருக்கு வேறென்ன இடம் வேண்டும்? எனக்கு வேலை கிடைக்க வேண்டுமென்று புவனம் விக்ரோறியாச் சந்தையில் தேடி ஒரு தேங்காய் வாங்கி வந்திருக்கிறாள். கற்பூரம் கொழும்பில் இருந்து வந்தது. அத்தான் தேங்காயைக் கல்லில் அடித்து உடைத்தார். கற்பூரத்தை வைக்க இடம் தேடினார்கள். கல் காற்றுப் பக்கம் இருந்தது. ஊற்றுக்குப் பக்கத்தில் தவிட்டு நிறத்தில் மெத்தென்று ஒரு திட்டு, பலகை போட்டது போலச் சமமாக. தண்ணீரும் பக்கத்தில் இருக்கிறது, பயமில்லை. அங்கே வைத்துக் கொளுத்திவிட்டார்கள்.

நான் இறங்கி ஓடி வந்தபோது சுடர் அணைந்திருந்தது. திட்டில் ஓர் உள்ளங்கை அளவு கருகியிருந்தது. அத்தான் சப்பாத்தால் மிதித்துக்கொண்டிருந்தார்.

“ஒண்டுமில்லை மச்சான். காத்து அடிச்சுக் கொஞ்சம் பத்தினது. பிளாஸ்கிலை இருந்த தேத்தண்ணியை ஊத்திப்போட்டன்.”

“தேத்தண்ணி காணாது. உள்ளுக்கை எரியுது.”

“உள்ளுக்கை என்னெண்டு எரியும்? மண்ணடா அது.”

முழங்காலிட்டுக் கையை வைத்துப் பார்த்தேன். கருகிய இடத்தில் இருந்து ஒரு முழம் தள்ளி, பார்வைக்கு எந்தக் குறையும் இல்லாத இடம், அடுப்புக்கல் போலச் சுட்டது. ஜாக்கியோடு இருந்த இரும்பு நெம்பை வாங்கிக் குத்திப் பிளந்தேன். உள்ளே சுருட்டு நுனி போலச் சிவப்பாக ஓடியது. காய்ந்த கரிமண் அப்படித்தான். காற்றே இல்லாமல் அடியில் நகரும். கிழமைக்கணக்கில் உள்ளே கிடந்து, ஒரு வெப்பக் காற்று நாளில் நூறு அடி தள்ளி மேலே வரும். இதையும் நான் படிப்பித்திருக்கிறேன்.

“எல்லாத்தையும் தோண்ட வேணும்” என்றேன்.

“உனக்கு ஆர் சொன்னது?”

“நான் பதினேழு வருசம் படிப்பிச்சது அத்தான்.”

“நீ படிப்பிச்சது நோர்வே நெருப்பு. இது அவுஸ்திரேலியா நெருப்பு.”

சொல்லிவிட்டுச் சிரித்தார். நான் சிரிக்கவில்லை என்று கண்டதும் சேட்டுக் கையை மடித்துவிட்டு, மதியத்துக்குக் கொண்டுவந்த சோற்றுச் சட்டியை எடுத்தார். அவர் தண்ணீர் அள்ளினார், புவனம் ஊற்றினாள், நான் குத்தினேன். நெருப்பை வெட்டிப் பிரிக்க வேண்டுமென்றால் அதற்கு முன்னால் இருக்கும் உயிருள்ள பச்சைப் பாசியைப் பிளக்க வேண்டும். வாழ்நாளெல்லாம் காண ஆசைப்பட்ட ஒன்றை ஒரு கார் நெம்பால் கிழித்துக் கிழித்து எறிந்துகொண்டிருந்தேன். மாடுகள் எட்ட நின்று பார்த்தன. மதியம் தாண்டியும் புகை நிற்கவில்லை. ஓர் இடத்தில் அணைத்தால் இன்னோர் இடத்தில் நூல்போல எழுந்தது.

“கீழை போய் வனத்துறை ஆட்களுக்குச் சொல்ல வேணும்” என்றேன்.

அத்தான் சட்டியை நிலத்தில் வைத்தார். “சொல்லு. ஆனா பேர் குடுக்காதை. போனிலை இடத்தைச் சொல்லிப்போட்டு வை. புதன்கிழமை இவங்களிட்டைத்தானே வேலை கேட்டுப் போறாய்?”

“போனிலை இந்த இடத்தை என்னெண்டு அத்தான் சொல்லிறது? பலகையே, வீட்டு நம்பரே? நேரை கூட்டிக்கொண்டு வந்து காட்ட வேணும்.”

“அப்ப விடு. மழை வரும்.”

வானத்தில் ஒரு துண்டு முகில் இல்லை. புவனத்தின் கை முழங்கை வரை கறுத்திருந்தது. அவள் என்னைப் பார்க்காமல் சொன்னாள். “உங்களுக்கெண்டுதானே கொளுத்தினனான்.”

அவளே பிறகு தமையன் நிலத்தில் வைத்த சட்டியை எடுத்துக்கொண்டாள். “இஞ்சேருங்கோ, நீங்கள் போய்ச் சொல்லிப்போட்டு வாங்கோ. நான் இதிலை நிண்டு ஊத்திறன். கெதியா வாங்கோ, குளிருது.”

மவுன்ற் பியூட்டியில் வனத்துறைக் காவலரின் வீட்டைத் தேடிப் பிடித்தோம். உள்ளே வானொலியில் கிரிக்கெற். நெடிய மனிதர், காலில் காலுறை மட்டும். கதையைச் சொன்னேன். கற்பூரத்தை விளக்குவதுதான் கடினமாக இருந்தது.

“அந்துருண்டை மாதிரியா?” என்று கேட்டார்.

“மாதிரித்தான்.”

“அந்துப்பூச்சியை விரட்டவா கொளுத்தினீர்கள்? அவை அங்கே கோடிக்கணக்கில் இருக்கின்றனவே.”

“இல்லை. ஒரு வேண்டுதல்.”

அவர் சிரிக்கவில்லை, அதைச் சொல்ல வேண்டும். பெயர் கேட்டார். சொன்னேன். எழுத்தெழுத்தாகக் கேட்டார். எழுத்தெழுத்தாகச் சொன்னேன். அத்தான் காருக்குள் இருந்தபடி தலையில் கை வைத்ததை யன்னலால் கண்டேன். காவலர் இன்னும் இருவரைக் கூட்டிக்கொண்டு, முதுகில் மாட்டும் தண்ணீர்த் தொட்டிகளோடும் மண்வெட்டிகளோடும் எங்களுக்கு முன்னால் ஏறினார். நாங்கள் போனபோது புவனம் நான் விட்டுப்போன கோட்டைச் சுற்றிக்கொண்டு அதே இடத்தில் சட்டியோடு நின்றாள். அவர்கள் திட்டைச் சுற்றி ஆழமாக அகழி வெட்டி, உள்ளே இருந்த கரிமண் முழுவதையும் கிளறி நனைத்தார்கள். முடியும்போது இருட்டிவிட்டது. எங்கள் வீட்டு முன்னறை அளவு இடம் கறுத்த சேறாகக் கிடந்தது.

“பெரும்பாலும் இப்படியானவர்கள் சொல்லாமலே போய்விடுவார்கள்” என்றார் காவலர். எனக்குக் கை தந்தார்.

புதன்கிழமை மூன்று பேர் மேசைக்கு அந்தப்பக்கம் இருந்தார்கள். நடுவில் இருந்தவர் என் பெயரை வாசித்துவிட்டு நிமிர்ந்தார்.

“ஞாயிற்றுக்கிழமை தீயைப் பற்றி அறிவித்தவர் நீங்கள்தானா?”

அவர்களுடைய ஆய்வுக்காக மாடு புகாமல் வேலியிட்ட துண்டு நிலங்கள் அந்த ஊற்றுக்குச் சற்றுக் கீழேதான் இருந்தனவாம். அதற்குப் பிறகு நேர்முகம் முழுவதும் தீயைப் பற்றியது. கரிமண் எப்படி எரியும், ஏன் ஓரம் காய்ந்திருந்தது, மாட்டுக்கு அதில் என்ன பங்கு, எத்தனை ஆழம் வெட்ட வேண்டும், எல்லாம் சொன்னேன். என் வாழ்க்கையில் அவ்வளவு நன்றாக நான் படிப்பித்ததில்லை. வலது பக்கம் இருந்த இளைஞர் குறிப்பெடுத்தார். வெள்ளைப் பூவைப் பற்றியோ, ஈயை அடிக்கும் பூவைப் பற்றியோ ஒருவரும் கேட்கவில்லை. எழும்பும்போது நடுவில் இருந்தவர் என் நேர்மையைப் பாராட்டினார். அந்தச் சொல் வந்ததுமே எனக்கு விளங்கிவிட்டது.

இரண்டு கிழமை கழித்துத் தொலைபேசியில் இல்லை என்றார்கள். காரணம் சொல்லவில்லை. வயதாக இருக்கலாம், உள்நாட்டு அனுபவம் இல்லாததாக இருக்கலாம். ஆனால் நான் பெயர் கொடுத்ததுதான் காரணம் என்று நம்புகிறேன், சாகும்வரை நம்புவேன்.

அத்தானுக்கு வேறு காரணம் தெரியும். அதற்கடுத்த ஞாயிறு எங்கள் வீட்டுக் கதிரையில் சாய்ந்திருந்து சொன்னார். “நான் சொல்லுறன் எண்டு கோவிக்காதை மச்சான். கற்பூரம் எரிஞ்சு முடிய முன்னம் தண்ணி ஊத்தி அணைச்சா காரியம் சரிவருமே? முழுசா எரிய விட்டிருக்கோணும்.”

இதைத்தான் இப்போது விருந்துகளில் சொல்கிறார். எல்லோரும் சிரிக்கிறார்கள். நானும் ஓரிரு தடவை தட்டைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நின்றிருக்கிறேன். புவனம் சிரிப்பதில்லை. அவள் இப்போது கற்பூரத்தைக் குசினித் தொட்டிக்குள் வைத்துத்தான் கொளுத்துகிறாள், ஒரு கையைத் தண்ணீர்க் குழாயில் வைத்தபடி.

சென்ற ஜனவரியில் நான் தனியே மறுபடி போனேன். காரில்லாதவர்கள் குறித்துக்கொள்ளுங்கள். வங்கரட்டா வரை ரயில், அங்கிருந்து மவுன்ற் பியூட்டிக்குப் பேருந்து உண்டு, ஞாயிறு ஓடாது. மலைக்கு மேலே வண்டி இல்லை. அணை வேலைக்குப் போகும் ஆட்களைக் கேட்டால் ஏற்றிக்கொள்வார்கள். அதிகம் பேசமாட்டார்கள், நல்லது.

இடத்தைத் தேட வேண்டியிருக்கவில்லை. தூரத்திலேயே கறுப்பாகத் தெரிந்தது. வெட்டிய அகழி வழியாக ஊற்று நீர் இறங்கி, ஆழமான வாய்க்காலாகிவிட்டது. அகழிக்கு அப்பால் பச்சையாக விட்டுவந்த பாசியும் தண்ணீர் வடிந்துபோய்த் தவிட்டு நிறத்துக்கு மாறிக்கொண்டிருந்தது. நெருப்பைத் தடுக்க வெட்டியதே மெத்தையை வற்றச் செய்கிறது. வெறும் மண்ணில் ஐரோப்பாவில் இருந்து வந்த ஒரு சிவந்த களை மட்டும் முளைத்திருந்தது. பாசி திரும்பி வருமா என்றால், தண்ணீர் நின்றால் வரலாம், மாடு நில்லாவிட்டால் வரலாம். என் காலத்தில் வராது. இப்போது அங்கே பிறக்கும் எந்தப் பிள்ளையின் காலத்திலும் வராது. இரண்டு மாடுகள் அந்தச் சேற்றில் நின்று தண்ணீர் குடித்தன. மேலே வெள்ளைப் பூக்கள் முன்பு போலவே ஆயிரக்கணக்கில் இருந்தன. நான் ஈர்க்கை எடுக்கவில்லை.

போகிறவர்களுக்குச் சொல்ல வேண்டியவை இவை. ஜனவரி நடுப்பகுதி பூவுக்கு நல்லது. தண்ணீரும் சாப்பாடும் கொண்டு போங்கள். மெத்தென்று கண்டதும் பாயைப் போட்டு உட்காராதீர்கள், பாறையில் உட்காருங்கள். ஊற்றுக்குள் கால் கழுவாதீர்கள். கடவுளிடம் கேட்க வேண்டியதை வீட்டிலேயே கேட்டுவிட்டுப் புறப்படுங்கள். கொழும்பில் இருந்து வந்த கற்பூரத்தையும் வீட்டிலேயே விட்டுப் போங்கள்.

இன்னொன்று. நாங்கள் உடைத்த தேங்காயின் ஒரு பாதியை, மறுபடி போன அன்று அங்கே கண்டேன். ஒரு கல்லுக்குப் பின்னால், உடைத்த அன்று இருந்தது போலவே, சிரட்டை ஒரு கீறல் இல்லாமல் கிடந்தது. அந்தக் குளிரில் எதுவும் கெதியாக வளராது, எதுவும் கெதியாக உக்காது. உள்ளே மழைத்தண்ணீர் தேங்கி, அதில் அந்துப்பூச்சிகள் செத்து மிதந்தன. தண்ணீரை ஊற்றிவிட்டு அதைக் கோட்டுப் பைக்குள் போட்டுக்கொண்டு வந்தேன். மற்றப் பாதியை மாலை வரை தேடினேன், கிடைக்கவில்லை. அணைக்கட்டைக் கடந்து, சரளை வீதியில் இரண்டாவது வளைவில், இடப்பக்கம் கறுப்பாகத் தெரியும் இடம். உங்களில் யாராவது கண்டால் எடுத்து வந்துவிடுங்கள்.